சைபர் இல்லாத டேப்

அக்கா,

இன்று காலை சூப்பர்வைசர் சார் எல்லா டேபிளுக்கும் புது டேப் கொடுத்தார். பளிச்சென்ற மஞ்சள், இரண்டு முனையிலும் தகடு, செருப்புக் கடைக்குள் நுழைந்ததுபோல ஒரு வாசனை. கழுத்தில் போட்டுக்கொண்டு வேலையைத் தொடங்கினேன். டீ பிரேக்குக்குள் நாற்பது சட்டை அளந்தேன். நாற்பதும் ஒரு சென்டி குறைவு, மைனஸ் ஒன்று.

தோள் மைனஸ் ஒன்று, மார்பு மைனஸ் ஒன்று, நீளம் மைனஸ் ஒன்று. சார் பதறிப்போய் கட்டிங் மாஸ்டரைக் கூப்பிட்டுவிட்டார். மாஸ்டர் வந்து, நான் எழுதிய சீட்டைப் பார்த்து, சட்டையைப் பார்த்து, என்னைப் பார்த்து, தானே ஒரு சட்டையை அளந்தார். எல்லாம் சரியாக இருந்தது. "பாப்பா ராத்திரி தூங்கலையா?" என்று கேட்டுவிட்டுப் போனார்.

அப்புறம்தான் எனக்குப் புரிந்தது. தப்பு டேப்பில் இல்லை, சட்டையில் இல்லை, என் கையில். உன் டேப்பில் முதல் சென்டிமீட்டர் கிடையாது அல்லவா, இரண்டு வருடமாக எந்த அளவைப் பார்த்தாலும் ஒன்றைக் கழித்து எழுதி எழுதி, கை தானாகவே கழித்துவிடுகிறது. புது டேப்பில் சைபர் இருக்கிறது என்று அதற்கு யாரும் சொல்லவில்லை.

சிரிப்பு வந்தது. உன்னிடம் சொல்லத் தலையைத் தூக்கினேன். டேபிளுக்கு அந்தப் பக்கம், நீ நிற்கும் இடத்தில், அயர்ன் செய்த சட்டைகளை அடுக்கி வைத்திருந்தார்கள். சட்டையிடம் சொல்ல முடியாது. அதனால்தான் எழுதுகிறேன்.

நேரில் உன்னை 'நீங்க' என்றுதான் சொல்வேன். "இன்னாடி நீங்க வாங்கன்னு? நான் இன்னா உன் மாமியாரா?" என்று திட்டுவாய். 'நீ' என்று சொல்ல ரொம்ப நாளாக ஒத்திகை பார்த்தேன். வாயிலிருந்து வரவேயில்லை. பேப்பரில் பார், எவ்வளவு சுலபமாக வருகிறது.

முதல் நாள் ஞாபகம் இருக்கிறதா? குரோம்பேட்டைக்கும் சானடோரியத்துக்கும் நடுவில் இந்த எக்ஸ்போர்ட் கம்பெனி வாசலில் அப்பா என்னைக் கொண்டுவந்து நிறுத்தினார். வாட்ச்மேன் வயது கேட்டார். அப்பா "பதினெட்டு" என்றார். வாட்ச்மேன் என்னை மேலும் கீழும் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன். அப்போதுதான் நீ வியர்த்து விறுவிறுத்து அஸ்தினாபுரத்திலிருந்து நடந்து வந்து சேர்ந்தாய். நின்று ஒரு பார்வை பார்த்தாய். உள்ளே போகும்போது என் காதில், "பதினெட்டா? எத்தினி கொற?" என்று கேட்டாய். நான் மூன்று விரலைக் காட்டினேன். "சரி, பதினெட்டு மைனஸ் மூணு. யாராண்டயும் சொல்லாத" என்றாய். இரண்டாவதைச் சொல்லியிருக்கவே வேண்டாம். நான் யாரிடம் எதைச் சொல்லியிருக்கிறேன்?

அன்றைக்கே எனக்குப் பேர் வைத்துவிட்டாய். சைலன்சர்.

நாலாவது செக்கிங் டேபிளில் உனக்கு நான் துணை. சட்டையை விரித்து அளந்து, அளவைக் கத்திச் சொல்வது உன் வேலை. அட்டையில் இருக்கவேண்டிய அளவோடு ஒப்பிட்டு, எவ்வளவு கூட, எவ்வளவு குறைவு என்று சீட்டில் எழுதுவது என் வேலை. கூடினால் ப்ளஸ், குறைந்தால் மைனஸ். ஒரு சென்டி வரைக்கும் விடலாம். அதற்கு மேல் போனால் சட்டையை ஓரமாக எடுத்து வைக்கவேண்டும். இவ்வளவுதான் தொழில்.

உன் டேப்பைப் பார்த்துத்தான் முதலில் பயந்துபோனேன். பட்டன் ஓட்டை போடும் காஜா மெஷினில் சிக்கி அதன் முதல் சென்டிமீட்டர் போய்விட்டிருந்தது. ஒன்றில்தான் தொடங்கும். வேறு வாங்கலாமே என்று நான் கண்ணால் கேட்டதற்கு, "ஒண்ணுதான போச்சு? மீதி நூத்தி நாப்பத்தொம்பது அப்டியே கீதே" என்றாய். புது டேப் வேண்டுமென்றால் மூன்று பேரிடம் கையெழுத்து வாங்கவேண்டும், கழிப்பதற்குக் கையெழுத்து வேண்டாம் என்பது உன் வாதம். அதனால் நீ "அறுபத்தி ரெண்டு!" என்று கத்தினால் நான் மனதுக்குள் அறுபத்தொன்று ஆக்குவேன். அட்டையில் அறுபது என்றிருந்தால் ப்ளஸ் ஒன்று. அதை உனக்கு வாயால் சொல்லாமல் விரலால் காட்டுவேன். ப்ளஸ் என்றால் விரல் மேலே பார்க்கும். மைனஸ் என்றால் தரையைப் பார்க்கும். சைபர் என்றால் மூடிய கை. பக்கத்து டேபிள்காரர்கள் நான் உன்னை மிரட்டுகிறேன் என்று நினைத்தார்கள்.

நான் ஏன் எட்டாவதோடு நின்றேன் என்று நீ ஒருமுறை கேட்டாய். அன்றைக்கு டிபன் பாக்ஸைத் திறந்துகொண்டே பாதிதான் சொன்னேன். முழுவதையும் இப்போது சொல்கிறேன். எங்கள் கணக்கு மிஸ் போர்டில் மைனஸ் ஏழு, மைனஸ் மூன்று என்று எழுதி, எது பெரியது என்று என்னை எழுப்பிக் கேட்டார். எனக்கு ஏழு என்று தோன்றியது. ஆனால் அவ்வளவு சுலபமாக இருந்தால் ஏன் கேட்கிறார் என்றும் தோன்றியது. நின்றேன். "வாயில என்ன கொழுக்கட்டையா?" என்றார். நின்றேன். மணி அடித்தது, அப்போதும் நின்றேன். "நாளைக்கு வந்து சொல்லு" என்று மிஸ் போய்விட்டார்.

அன்று சாயங்காலம் அம்மா காலில் கஞ்சித் தண்ணீரைக் கொட்டிக்கொண்டார். ஒரு மாதம் நான் வீட்டில் சமைத்தேன். கால் ஆறியதும் அப்பா, "என்னம்மா, ஸ்கூலுக்குப் போறியா?" என்று கேட்டார். எனக்கு அந்த மைனஸ் ஏழும் மைனஸ் மூன்றும் வாசலில் காத்திருப்பது போலவே இருந்தது. தலையை ஆட்டினேன். என் தலையாட்டல் உனக்குத் தெரியும், எந்தப் பக்கத்துக்கும் சேர்த்துக்கொள்ளலாம். அப்பா வேண்டாம் என்ற பக்கத்துக்குச் சேர்த்துக்கொண்டார்.

அந்தக் கேள்விக்குப் பதில் கிடைத்தது உன் டேபிளில்தான். ஒதுக்கி வைத்த சட்டைகளைப் பெரியது மேலே, சின்னது கீழே என்று அடுக்கச் சொல்லியிருந்தார் சார். நீ சீட்டைப் பார்த்து மைனஸ் ஐந்தை மேலே வைத்தாய், மைனஸ் மூன்றைக் கீழே வைத்தாய். எனக்கு ஏதோ உறுத்தியது. மைனஸ் மூன்றைத் தொட்டு, விரலை மேலே காட்டினேன்.

"இன்னாடி? அஞ்சு பெருசா, மூணு பெருசா?"

ஐந்து என்று விரித்துக் காட்டினேன்.

"அப்போ அத்ததான மேல வெச்சிக்கிறேன்?"

நான் பேசாமல் இரண்டு சட்டைகளையும் எடுத்து ஒன்றின்மேல் ஒன்றை விரித்தேன். மைனஸ் மூன்று சட்டை, மைனஸ் ஐந்து சட்டையின் அடியிலிருந்து இரண்டு சென்டி எட்டிப் பார்த்தது. நீ குனிந்து பார்த்தாய். சட்டைகளை மாற்றிப் போட்டுப் பார்த்தாய். உன் மேலேயே இரண்டையும் வைத்துப் பிடித்துப் பார்த்தாய்.

"அட, மூணுதான்டி பெருசு! மைனஸ் வந்துச்சுன்னா எல்லாம் உல்டாவாப் பூடுது!"

எனக்கு முகமெல்லாம் சூடாகிவிட்டது. மிஸ் கேட்ட கேள்விக்குப் பதில் மைனஸ் மூன்று. இரண்டு வருடம் கழித்து, சட்டை ரூபத்தில் வந்து நிற்கிறது. உன் காதில் அந்தக் கதையைச் சொன்னேன். நீ விழுந்து விழுந்து சிரித்தாய். "இப்போ போய் சொல்லேன், இன்னா கெட்டுப்பூச்சு?" என்றாய்.

நீ விளையாட்டுக்குச் சொல்கிறாய் என்று நினைத்தேன். அடுத்த ஞாயிற்றுக்கிழமை தாம்பரம் மார்க்கெட்டுக்குப் போனபோது, கையில் கருவாட்டுப் பையோடு என்னை இழுத்துக்கொண்டு என் பழைய பள்ளிக்கூடச் சுவர் பக்கம் போனாய். நான் தடுப்பதற்குள் சுவரைப் பார்த்துக் கத்தினாய்.

"மிஸ்! மைனஸ் மூணு! மைனஸ் மூணுதான் பெருசு மிஸ்!"

ஞாயிற்றுக்கிழமை. உள்ளே மிஸ் ஏது? ஸ்கூல் வாட்ச்மேன்தான் லுங்கியை இறுக்கிக்கொண்டு ஓடிவந்தார்.

"யாரும்மா அது? இன்னா மூணு?"

"மைனஸ் மூணுப்பா. எட்டாங்கிளாஸ் மிஸ்ஸாண்ட சொல்லிடு. மறந்துடாத."

"யாரு சொன்னாங்கன்னு சொல்றது?"

"சைலன்சர் சொல்லிச்சுன்னு சொல்லு!"

ரயில்வே கேட் வரைக்கும் ஓடினோம். கருவாட்டில் பாதி வழியிலேயே விழுந்துவிட்டது. நான் வாழ்க்கையில் சத்தம் போட்டுச் சிரித்தது அன்றைக்குத்தான் என்று நினைக்கிறேன். நீ அதைக்கூட விடவில்லை. "பாத்தியா, வண்டி ஸ்டார்ட் ஆவுது" என்றாய்.

இப்போது அந்தப் பதினொரு சட்டைக்கு வருகிறேன். அதைச் சொல்லாமல் இந்தக் கடிதத்தை முடிக்க முடியாது.

நீ ஆறு வருடமாகத் தினக்கூலியில் இருந்தாய். அந்த மாதம் பெர்மனென்ட் லிஸ்டில் உன் பேர் இருந்தது. மற்றவர்கள் பெர்மனென்ட் ஆனால் என்னென்னவோ கிடைக்கும் என்று பேசிக்கொண்டார்கள். உனக்கு வேண்டியது ஒன்றே ஒன்று. கம்பெனி வேன். பெர்மனென்ட் ஆட்களுக்கு மட்டும்தான் வேனில் இடம். "ஜன்னலோரத்து சீட்டுல குந்திக்கினு, பஸ்ஸுக்கு நிக்கிற உன்ன மாதிரி ஆளுங்களப் பாத்து டாட்டா காட்டணும்டி" என்பாய். ஆறு வருடம் அஸ்தினாபுரத்திலிருந்து நடந்த கால்கள் அவை.

அந்தச் சமயத்தில்தான் சூப்பர்வைசர் சார் சீட்டில் ஒரு புதுக் கட்டம் போட்டார். 'மொத்தம்.' ஒவ்வொரு சட்டைக்கும் தோள், மார்பு, நீளம், இடது கை, வலது கை என்று ஐந்து எண்ணைப் படிக்க அவருக்கு நேரமில்லை. எல்லாவற்றையும் கூட்டி ஒரே எண்ணாகக் கொடுத்தால் பார்த்துக் கையெழுத்துப் போட்டுவிடலாம். "மொத்தம் ஒண்ணுக்குள்ள இருந்தா ஓகே போடு. சும்மா சும்மா பீஸை ஓரமா எடுத்து வைக்காதீங்க, ஷிப்மென்ட் அவசரம்" என்றார்.

எனக்கு அந்தக் கட்டத்தைப் பார்த்ததும் எவ்வளவு சந்தோஷம் என்று உனக்கே தெரியாது. பள்ளிக்கூடத்தில் மைனஸில் நான் உருப்படியாகக் கற்றது ஒன்றுதான். ப்ளஸ் ஐந்தும் மைனஸ் ஐந்தும் சேர்ந்தால் சைபர். எதிரும் புதிருமாக வந்து ஒன்றையொன்று அடித்துக்கொண்டு காணாமல் போய்விடும். அதை எங்காவது போட்டுக் காட்டமாட்டோமா என்று இருந்தேன்.

அந்தச் செவ்வாய்க்கிழமை வந்த மீடியம் சட்டைகளில் தோள் சரி, மார்பு சரி, நீளம் சரி. இடது கையை அளந்து "அறுபத்தி மூணு!" என்றாய். ஒன்று போனால் அறுபத்திரண்டு. ப்ளஸ் இரண்டு. இரண்டு விரலை மேலே காட்டினேன். வலது கையை அளந்து "அம்பத்தொம்பது!" என்றாய். ஐம்பத்தெட்டு. மைனஸ் இரண்டு. இரண்டு விரலைக் கீழே காட்டினேன். யாரோ லார்ஜ் பண்டலிலிருந்து இடது கையையும் ஸ்மால் பண்டலிலிருந்து வலது கையையும் எடுத்து மீடியம் சட்டையில் தைத்திருக்கிறார்கள். நீ உச்சுக் கொட்டி, சட்டையை ஓரமாக வைக்கப் போனாய்.

நான் உன் கையைப் பிடித்து நிறுத்தினேன். சீட்டைக் காட்டினேன். ப்ளஸ் இரண்டு, மைனஸ் இரண்டு, மொத்தம் சைபர். கையை மூடிக் காட்டினேன்.

"நெசமாவா? சைபரா?"

தலையை ஆட்டினேன்.

"அப்போ ஓகேவா?"

அக்கா, என் வாழ்நாளில் எந்தச் சந்தேகமும் இல்லாமல், ஒரே பக்கத்துக்கு மட்டும் ஆட்டிய தலையாட்டல் அது ஒன்றுதான். நீ என்னை நம்பினாய். அன்றைக்கு அதேபோலப் பதினொரு சட்டை போயிற்று. பதினொன்றுக்கும் நான் அழகாக வட்டம் போட்டுச் சைபர் எழுதினேன்.

வியாழக்கிழமை சட்டைகளை வாங்கும் பையர் ஆபீஸிலிருந்து டை கட்டிய சார் ஒருவர் வந்தார். பெட்டியைத் திறந்து ஒரு சட்டையை எடுத்தார். தோளைப் பிடித்துத் தூக்கிப் பார்த்தார். சட்டை ஒரு பக்கமாகச் சாய்ந்து நின்றது. இரண்டாவதை எடுத்தார். அதுவும் அப்படியே.

"இது யாருக்குத் தைச்சது?" என்றார். "பஸ்ல ஒரு கையால கம்பியைப் பிடிச்சுத் தொங்கிட்டே போற ஆளுக்கா?"

யாரும் சிரிக்கவில்லை. சூப்பர்வைசர் சார் முகத்தில் ரத்தமே இல்லை.

"எந்த டேபிள்?"

"நாலு சார்," என்றார் சூப்பர்வைசர். பிறகு உன் பக்கம் திரும்பினார். "உன் பேரையெல்லாம் பெர்மனென்ட் லிஸ்ட்ல எழுதினேன் பாரு, என்னைச் சொல்லணும்." பையிலிருந்து லிஸ்டை எடுத்தார். சிவப்புப் பேனாவை எடுத்தார்.

நீ ஒன்றும் பேசவில்லை. அதுதான் எனக்குத் தாங்கவில்லை. கேன்டீனில் சாம்பார் தண்ணீராக இருந்தால் மானேஜர் ரூம் வரைக்கும் கேட்கக் கத்துகிற நீ, புடவைத் தலைப்பை விரலில் சுற்றிக்கொண்டு நின்றாய். 'இவள்தான் சைபர் போட்டாள்' என்று ஒரு வார்த்தை போதும். என் பக்கம் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. பார்த்தால் நான் மாட்டிக்கொள்வேன் என்று.

பேனா மூடியைத் திறந்துவிட்டார். மிஸ் முன்னால் நின்றது போலவே வாயைத் திறந்தேன். காற்று வருகிறது, சத்தம் வரவில்லை. வேறு வழி தெரியாமல் உன் தலைப்பைப் பிடித்து இழுத்து, உன் காதில் சொன்னேன். நான் காதில் சொல்வதைக் கத்திச் சொல்லிச் சொல்லிப் பழகியவள் நீ. பழக்கதோஷம், யோசிக்காமல் தொடங்கிவிட்டாய்.

"சார், இது இன்னா சொல்லுதுன்னா, தப்பு அக்கா மேல இல்லியாம் சார்! நாந்தான் சைபர்னு போட்டனாம்! அக்கா ஓரமா எடுத்து வெக்கத்தான் பாத்துச்சாம், நாந்தான் கையப் புடிச்சி வேணாம்னு... ஏய்! இன்னாடி சொல்லிக்கினு கீற? வாய மூடு!"

வாயை மூடு! என்னைப் பார்த்து! பக்கத்து டேபிளில் ஆரம்பித்த சிரிப்பு காஜா செக்ஷன் வரைக்கும் போயிற்று. டை கட்டிய சார்கூட மூக்கைத் தேய்த்துக்கொள்வது போல மறைத்துக்கொண்டார். சூப்பர்வைசர் சார் மட்டும் சிரிக்கவில்லை. "ஓ, நீயா? நாளையிலேர்ந்து நீ வரவேணாம்" என்றார்.

"சார், சார், அது கொழந்த சார்! பதினெட்டு மைனஸ்..." என்று நீ ஆரம்பித்து, பல்லைக் கடித்து நிறுத்திக்கொண்டாய்.

டை சார் சீட்டைக் கேட்டு வாங்கினார். விரலை வைத்துப் படித்தார். "ப்ளஸ் ரெண்டு, மைனஸ் ரெண்டு, சைபர்." அடுத்த வரி. "ப்ளஸ் ரெண்டு, மைனஸ் ரெண்டு, சைபர்." என்னைப் பார்த்தார். "எதுவரைக்கும் படிச்சிருக்க?"

எட்டு விரலைக் காட்டினேன்.

"எட்டு சார்," என்றாய். அவசரமாக, "பாதி எட்டு."

"கணக்கு கரெக்டாத்தான் போட்டிருக்கு," என்றார் அவர். "சட்டைதான் தப்பு. இந்த 'மொத்தம்' கட்டம் யாரோட ஐடியா?"

சூப்பர்வைசர் சார் தலையைத் தூக்கி ஃபேனைப் பார்த்தார். கரண்ட் இல்லாததால் ஃபேன் ஓடவில்லை. ஆனாலும் ரொம்ப நேரம் பார்த்தார்.

"ஏங்க, உங்களுக்கு ஒரு கால் ரெண்டு சென்டி கூட, இன்னொரு கால் ரெண்டு சென்டி குறைச்சல்னா, மொத்தம் சைபர்னு நேரா நடந்துடுவீங்களா?" என்றார் டை சார்.

உன் பேரை அடிக்கத் திறந்த சிவப்புப் பேனா அந்தக் கட்டத்தை அடித்தது. எல்லாச் சீட்டிலும், மேலிருந்து கீழ் வரைக்கும். நாளைக்கு வராதே என்றது என்ன ஆயிற்று என்று யாரும் கேட்கவில்லை. நாமும் ஞாபகப்படுத்தவில்லை.

அன்று மதியம் முழுக்க அந்தப் பதினொரு சட்டையையும் பிரித்தோம். நீ ஒரு பக்கம், நான் ஒரு பக்கம். நீளமான இடது கைகளை இரண்டு சென்டி வெட்டி மடித்து, ஐந்து நிமிடத்தில் ஒன்றாக முடித்துவிட்டார் டெய்லர். குட்டையான வலது கைகள்தான் தகராறு. அவற்றை நீட்ட வழியில்லை. புதுத் துணி கேட்டு, புதிதாக வெட்டி, புதிதாகத் தைக்கவேண்டியிருந்தது. போர்டில் ப்ளஸ் இரண்டும் மைனஸ் இரண்டும் சைபரிலிருந்து ஒரே தூரம். துணியில் அப்படி இல்லை.

"பாத்தியா," என்றாய் நூலைப் பல்லால் கடித்துக்கொண்டே. "கூட இருந்தா சமாளிக்கலாம்டி. கொறஞ்சாதான் பேஜாரு."

அடுத்த மாதம் நீ பெர்மனென்ட் ஆனாய். ஜன்னலோர சீட்டைப் பிடிக்க முதல் நாள் மானேஜருக்கு முன்னாலேயே வேனில் ஏறி உட்கார்ந்துகொண்டாயாம். பஸ் ஸ்டாப்பில் நான் நிற்கும்போது வேன் கடந்து போகும். ஜன்னலுக்கு வெளியே உன் கை மட்டும் வரும். டாட்டா காட்டுவாய் என்று நினைத்தேன். நீ இரண்டு விரலை மேலே காட்டினாய். ப்ளஸ் இரண்டு. பக்கத்து சீட்டும் காலியாக இருக்கிறதாம், கால் நீட்டி உட்கார்ந்திருக்கிறாயாம். பஸ் ஸ்டாப்பில் இருந்தவர்கள் நீ ஏதோ கட்சிக்கு ஓட்டுக் கேட்கிறாய் என்று நினைத்தார்கள்.

ஒன்றரை மாதம்தான் அந்த சீட்டு.

மஞ்சள் காமாலை என்றார்கள். நான் இளநீர் வாங்கிக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு வந்தேன். உன் கண், முகம், நகம் எல்லாம் மஞ்சள். எனக்கு அழுகை வந்தது. நீ என்னைப் பார்த்து, "பார்றீ, டேப்பு கலர்ல கீறேன்" என்றாய். உன் அம்மா ஒரு மூலையில் உட்கார்ந்து ஜெபம் சொல்லிக்கொண்டிருந்தவர், அதைக் கேட்டுச் சிரித்துவிட்டு, பிறகு மறுபடி முதலிலிருந்து தொடங்கினார். தலையணைக்கு அடியிலிருந்து டேப்பை எடுத்துக் கொடுத்தாய். ஆஸ்பத்திரிக்கு ஏன் டேப்பை எடுத்து வந்தாய் என்று நான் இன்றுவரை யோசிக்கிறேன். கட்டிலை அளந்தாயா?

"ஒண்ணக் கழிக்க மறந்துடாத," என்றாய்.

கல்லறைத் தோட்டத்தில் எல்லாரும் அழுதுகொண்டிருந்தார்கள். நானும் அழுதேன். ஆனால் ஒன்றை உன்னிடம் மறைக்கக் கூடாது. பெட்டியை வைத்தபோது என் கண் தன் பாட்டுக்கு அளந்துவிட்டது. நீ எவ்வளவு குள்ளம், அந்தத் தச்சர் எவ்வளவு நீளத்துக்குச் செய்திருந்தார்! ப்ளஸ் இருபது இருக்கும். சட்டையாக இருந்தால் ரிஜெக்ட். தலையைக் குனிந்துகொண்டு, முந்தானைக்குள், யாருக்கும் தெரியாமல் விரல்களை மேலே காட்டினேன். உன் குரல் அவ்வளவு தெளிவாகக் கேட்டது. கூட இருந்தா சமாளிக்கலாம்டி. அந்த இடத்தில் நான் சிரித்துவிட்டேன். உன் சித்தப்பா என்னை முறைத்தார். பிறகுதான் அந்த வார்த்தையின் இன்னொரு பக்கம் எனக்கு உறைத்தது. அழுகை நிற்கவில்லை.

எனக்கு இப்போது பதினேழு முடிந்துவிட்டது. வாசலில் அப்பா சொன்ன பதினெட்டுக்கு மைனஸ் ஒன்று. "சைபர் ஆவுற அன்னிக்கு பேக்கரில கேக்கு வாங்கி வெட்டுவோம். அதுவரைக்கும் நீ சட்டப்படி இங்க இல்லவே இல்ல" என்று சொல்லியிருந்தாய். இன்னும் ஒரு வருடம் இருக்கிறதே என்று நினைத்துக்கொண்டிருந்தேன். இன்று மதியம் புது டேப்பையும் உன் டேப்பையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தபோது ஒன்று தெரிந்தது. புது டேப்பில் பதினேழு இருக்கும் இடத்தில், உன் டேப்பில் பதினெட்டு இருக்கிறது. உன் டேப்பால் அளந்தால் நான் இப்போதே சரியான அளவு. கேக்கை இந்த வாரமே வாங்கிவிடலாம் என்று இருக்கிறேன்.

சாயங்காலம் வேலை முடிந்ததும் சூப்பர்வைசர் சாரிடம் போனேன். புது டேப்பை மேஜைமேல் வைத்தேன்.

"எனக்குப் பழசே போதும் சார்."

"என்னம்மா? கேக்கல."

எல்லாருக்கும் போலத்தான் அவருக்கும் நான் பேசுவது கேட்பதில்லை. பழக்கத்தில் பக்கத்தில் திரும்பினேன், காதில் சொல்ல. பக்கத்தில் யாரும் இல்லை. மூச்சை இழுத்தேன்.

"எனக்குப் பழசே போதும் சார்! அதுல சைபர் இல்லன்னு எனக்குத் தெரியும் சார்! நான் கழிச்சுக்குவேன் சார்!"

சாருக்குப் பேனா கை நழுவிவிட்டது. காஜா செக்ஷனில் மெஷினை நிறுத்திவிட்டு எட்டிப் பார்த்தார்களாம். அந்தச் சத்தம் எங்கிருந்து வந்தது என்று எனக்குத் தெரியவில்லை, ஆனால் யாருடைய சத்தம் மாதிரி இருந்தது என்று எல்லாருக்கும் தெரிந்தது.

அளவுக்குக் கொஞ்சம் ப்ளஸ்தான், ஒத்துக்கொள்கிறேன். பரவாயில்லை அக்கா. கூட இருந்தால் சமாளிக்கலாம்.